நடுவில் ஒரு சட்டி

காராமணிக் கடைசல் பற்றி ஆண்டு மலரில் ஒரு கட்டுரையா என்று சிரிக்கும் நண்பர்கள் சிரித்துவிட்டே படிக்கலாம். அறிவியல் மாணவன் எழுதினால் அணுவும் விண்கலமும்தான் வரவேண்டும் என்று யாரும் சட்டம் இயற்றவில்லை. அணுவைப் பற்றி எழுதச் சென்ற ஆண்டே மூவர் இருந்தனர். கடைசலைப் பற்றி எழுத ஒருவரும் இல்லை.

வேகவைத்த பயற்றோடு காய்ந்த மிளகாய், பூண்டு, சின்ன வெங்காயம், புளி சேர்த்து மத்தால் கடைந்து எடுப்பதைத் தென்னார்க்காட்டுச் சீமையில் கடைசல் என்கிறோம். பிற மாவட்டத்தார் தட்டைப்பயறு என்பதே நமக்குக் காராமணி. வீட்டில் கேழ்வரகுக் களிக்கும் சுடுசோற்றுக்கும் இதுதான் துணை. ஆனால் கல்யாணப் பந்தியில் இதற்கு இலையில் இடமில்லை. கல்லூரிக்கு வரும் சாப்பாட்டு டப்பாவிலும் இடமில்லை. வந்தாலும் மூடியை முழுவதும் திறக்காமலே தின்று முடிக்கப்படுகிறது. பயறு ஏழை வீட்டுக் குழம்பு என்ற எண்ணம் நம் மனத்தில் எப்படியோ ஊறிவிட்டது. நாமே பயிரிட்டு, நாமே அறுத்து, நாமே உண்டு வளர்ந்த ஒன்றைப் பட்டப்படிப்புக்கு வந்தவுடன் மறைக்கத் தொடங்கினோம் என்றால், அந்தப் படிப்பு நமக்கு என்ன கற்றுக் கொடுத்தது என்று கேட்கத் தோன்றுகிறது.

நம்மில் பெரும்பாலோர் அரசுப் பள்ளியில் படித்தவர்கள். பெருந்தலைவர் காமராசர் முதலமைச்சராக இருந்தபோது 1956இல் விரிவாக்கிய மதிய உணவும், 1982இல் எம்.ஜி.ஆர். தொடங்கிய சத்துணவும் நம் பெற்றோரையும் நம்மையும் வகுப்பறையில் உட்கார வைத்தன. 2022 முதல் தொடக்கப் பள்ளிகளில் காலை உணவும் வந்துவிட்டது. இத்திட்டங்களால் பசி தீர்ந்தது என்று எல்லோரும் சொல்கிறோம். இன்னொன்றும் நடந்தது, அதை அவ்வளவாக நாம் பேசுவதில்லை. ஒரே அண்டாவில் வெந்த சோற்றை, ஒரே கரண்டியால் வாங்கி, ஒரே வரிசையில் அமர்ந்து பத்தாண்டுக் காலம் உண்டோம். பக்கத்தில் இருப்பவன் எந்தத் தெரு, எந்தச் சாதி என்று அந்த அண்டா கேட்கவில்லை.

பத்தாம் வகுப்போடு அண்டா நின்றுவிட்டது. கல்லூரியில் அவரவர் டப்பா. டப்பா வந்ததும் வட்டங்கள் வந்தன. பகல் ஒரு மணிக்கு நம் வேப்பமரத்தடியையும் வராந்தாவையும் ஒருமுறை நடந்து பாருங்கள். செஞ்சிப் பேருந்தில் வருபவர் ஓரிடம், ஒலக்கூர், மயிலம், பேரணி என்று ரயிலில் வருபவர் ஓரிடம் என்று முதலில் தெரியும். இன்னும் கூர்ந்து பார்த்தால் அந்த வட்டத்துக்குள்ளும் ஒரு சிறு வட்டம் தெரியும். ஊரும் சேரியும் வேறு வேறாகக் கிடக்கும் அதே கோடு, ஊரைத் தாண்டி, தேசிய நெடுஞ்சாலையைத் தாண்டி, நம் கல்லூரி மரநிழல் வரைக்கும் வந்துவிடுகிறது. யாரும் யாரையும் விலக்குவதில்லை. "எனக்கு இன்று வயிறு சரியில்லை", "இன்று விரதம்", "காரம் ஒத்துக்கொள்ளாது" என்று மிக மரியாதையாகச் சொல்கிறார்கள். அதே வயிறு மாலையில் பேருந்து நிலையத்துப் பரோட்டாவை மறுப்பதில்லை!

இது புதிய நோய் அன்று. 1924, 25ஆம் ஆண்டுகளில் தமிழகத்தையே கலக்கிய சேரன்மாதேவிக் குருகுலப் போராட்டம் பந்தியைப் பற்றியதுதான். காங்கிரசின் நிதியுதவியும் பெற்று வ.வே.சு. ஐயர் நடத்திய அந்தக் குருகுலத்தில் பிராமணச் சிறுவர் இருவருக்குத் தனியே உணவு இடப்பட்டது. வரதராசுலு நாயுடுவும் பெரியாரும் அதை எதிர்த்து எழுந்தனர். நாட்டு விடுதலைக்காகத் துப்பாக்கி ஏந்தவும் துணிந்த பெரியவர் ஒருவர் இரண்டு இலைகளை நகர்த்திப் போட முடியாமல் தடுமாறினார் என்பதை வரலாற்று மாணவர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். பழங்கதை என்று தள்ளவும் முடியாது. 2018இல் திருப்பூர் மாவட்டம் அவிநாசி வட்டாரத்தில், பட்டியல் சாதியைச் சேர்ந்த பெண் சமைத்தால் எங்கள் பிள்ளைகள் சத்துணவு உண்ணமாட்டார்கள் என்று பெற்றோர் சிலர் எதிர்த்தனர். அந்த அம்மையாரை இடமாற்றம் செய்தார்கள். எதிர்ப்பு எழுந்த பிறகே அந்த ஆணை விலக்கப்பட்டது. மறுபுறம், நம் பழைய தென்னார்க்காட்டிலேயே, வடலூரில் வள்ளலார் 1867இல் மூட்டிய தருமசாலை அடுப்பு இன்றும் எரிகிறது. அங்கே வந்தவரை என்ன சாதி என்று கேட்டுச் சோறு போடுவதில்லை. ஆக இரண்டு வழியும் நம் மண்ணில் உண்டு. கல்லூரி மாணவர் எந்த வழி என்பதே கேள்வி.

என் கருத்து எளியது. வாரம் ஒருநாள், சோறோ களியோ இட்லியோ அவரவர் கொண்டு வரட்டும். தொட்டுக்கொள்ளும் கடைசலை மட்டும் ஒருவர், ஒரே சட்டியில், வகுப்புக்கே கொண்டு வரட்டும். அடுத்த வாரம் இன்னொருவர். சட்டி நடுவில் இருக்கும், சுற்றி நாம்.

ஏன் கடைசல்? கறியும் மீனும் எல்லோராலும் வாங்கவும் இயலாது, எல்லோரும் உண்பதும் இல்லை. பயற்றை மறுக்கும் மதமும் இல்லை, விலக்கும் சாதியும் இல்லை. சம்பா அறுத்த கழனியில் உளுந்து, மணிலாக் கொல்லையில் ஊடுபயிராகக் காராமணி, தட்டைக்குப் பதில் மொச்சை என்று ஏதோ ஒரு பயறு நம் வீட்டுப் பானையில் இருக்கும். இல்லாதவர் அரைக்கிலோ வாங்கினாலும் ஒரு சினிமாச் சீட்டின் விலை ஆகாது. கணக்கும் சொல்கிறேன். நூறு கிராம் உலர்ந்த காராமணியில் ஏறத்தாழ 23 கிராம் புரதம். அரைக்கிலோ பயறு வெந்தால் இரண்டு மடங்குக்கு மேல் ஆகும். பன்னிரண்டு பேருக்குத் தாராளமாகப் போதும். ஆளுக்குப் பத்துக் கிராம் அளவுக்குப் புரதம் கிடைக்கும். அரிசியில் குறைவாக உள்ள லைசின் என்னும் அமினோ அமிலம் பயற்றில் மிகுதி. பயற்றில் குறைவான மெத்தியோனின் அரிசியில் உண்டு. சோற்றோடு கடைசலைப் பிசைந்த நம் பாட்டிமார் உயிர்வேதியியல் படிக்கவில்லை, ஆனால் கணக்கைச் சரியாகப் போட்டிருக்கிறார்கள்.

செய்முறையைப் பெண்கள் பகுதிக்கு அனுப்பிவிட நான் தயாராக இல்லை. மாணவ நண்பர்கள் தாமே செய்யவேண்டும் என்பதால் இங்கேயே எழுதுகிறேன். முந்திய இரவே பயற்றை ஊறவைத்து, காலையில் அந்த நீரைக் கொட்டிவிடுங்கள். வயிற்றில் வாயு உண்டாக்கும் ராஃபினோஸ் வகைச் சர்க்கரைகளில் ஒரு பகுதி அந்த நீரோடு போய்விடும். புதுத்தண்ணீரில் நன்றாக வேகவிடுங்கள். நகத்தால் அழுத்தினால் மாவாக நசுங்க வேண்டும். அதுவரை புளியைச் சேர்க்கக் கூடாது. அமிலம் பட்டால் பயற்றின் செல் சுவரில் உள்ள பெக்டின் இளகாது, எவ்வளவு எரித்தாலும் விறைத்தே நிற்கும். நம் ஊர் ஆழ்துளைக் கிணற்று நீரிலும் இதே தொல்லை. ஆய்வுக்கூடத்தில் ஈடிடிஏ கொண்டு தரம்பார்த்துக் கடினத்தன்மை கணக்கிடுகிறோமே, அந்தக் கால்சியம்தான் வீட்டு அடுப்பில் பயற்றை வேகவிடாமல் செய்கிறது. குடிக்கிற நல்ல தண்ணீரில் வேகவைத்தால் விறகும் மிச்சம்.

பிறகு எண்ணெயில் கடுகு தாளித்து, பத்துப் பன்னிரண்டு காய்ந்த மிளகாயைக் கிள்ளிப் போட்டு, பூண்டும் வெங்காயமும் வதக்குங்கள். மிளகாயின் காரப்பொருளான காப்சைசின் தண்ணீரில் அவ்வளவாகக் கரையாது, எண்ணெயில் கரையும். ஆகவே எண்ணெயில் பட்ட மிளகாய்தான் சட்டி முழுவதும் காரத்தைப் பரப்பும். காரம் மிஞ்சியவர் தண்ணீர் குடித்துப் பயனில்லை, மோர் குடிக்க வேண்டும் என்பதும் அதனாலேயே. வதக்கியதைப் பயற்றில் கொட்டி, உப்பும் கெட்டிப் புளிக்கரைசலும் சேர்த்து ஒரு கொதி விட்டு, மத்தால் கடையுங்கள். மிக்சியில் போடாதீர்கள், அது எல்லாவற்றையும் களிம்பாக்கிவிடும். பாதி மசிந்தும் பாதி முழுதாகவும் இருப்பதே கடைசல். பேருந்தில் பையை நனைக்காத அளவுக்குக் கெட்டியாக இருக்கட்டும். சூடு ஆறாமல் மூடினால் பகலுக்குள் புளித்துவிடும், சித்திரை வெயிலில் சொல்லவே வேண்டாம்.

நண்பர்கள் இருவரிடம் இதைச் சொன்னபோது இரண்டு மறுப்புகள் வந்தன. முதலாவது, பலர் கைபட்டால் எச்சில். நியாயமான பேச்சுதான், சட்டிக்கு ஒரு கரண்டி போட்டால் தீர்ந்தது. கரண்டி போட்ட பிறகும் தயங்குபவருக்கு எச்சில் காரணம் அன்று. மெக்சிகோ நாட்டில் வெந்த பயற்றைக் கொழுப்பும் மிளகாயும் சேர்த்து மசித்து, நடுவில் வைத்துச் சோள அப்பத்தால் தொட்டு உண்கிறார்கள். அரபு நாடுகளில் கொண்டைக்கடலையை மசித்து அப்படியே. நமக்கு மிளகாய் வந்ததே அந்த அமெரிக்கக் கண்டத்திலிருந்து, போர்த்துகீசியர் கப்பல்களால்; அதற்குமுன் நம் காரம் பெரும்பாலும் மிளகுதான். கடல்கடந்து வந்த மிளகாயை எந்தச் சாதியும் தீட்டு என்று தள்ளவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும்.

இரண்டாவது மறுப்பை ஒரு மாணவி சொன்னார், அது கனமானது. "நீங்கள் சமத்துவம் பேசுவீர்கள், விடியற்காலை நான்கு மணிக்கு எழுந்து கடைவது உங்கள் அம்மாவாக இருக்கும்" என்றார். இதற்குப் பதில் வாதத்தால் ஆகாது. முறை வரும் மாணவன் தன் கையால் செய்தாக வேண்டும். அம்மாவை எழுப்பிச் செய்துவந்தால் அந்தச் சட்டி கணக்கில் சேராது. எப்படிக் கண்டுபிடிப்பது என்கிறீர்களா? புளியை எப்போது சேர்த்தாய் என்று ஒரு கேள்வி கேட்டால் போதும். விடுதியில் தங்கியவருக்கும் அறை எடுத்துத் தங்கியவருக்கும் அடுப்பு இராது. அவர்கள் சட்டி கழுவும் முறையை ஏற்கட்டும். அதிலும் ஒரு விதி வேண்டும். எப்போதும் ஒரே தெருப் பிள்ளைகளே கழுவுகிறார்கள் என்று ஆகிவிடக் கூடாது. பட்டியலை வருகைப் பதிவேட்டு எண்படி போட்டுவிட்டால் வம்பில்லை.

ஆசிரியப் பெருமக்களுக்கும் ஒரு விண்ணப்பம். ஆசிரியர் அறைக் கதவு பகலில் சாத்தியிருக்கிறது. அங்கும் டப்பாக்கள்தாம். வாரத்தில் அந்த ஒரு நாள் மட்டும் மரத்தடிக்கு வந்து எங்களோடு அமருங்கள். துறைத்தலைவர் ஒருவர் யார் வீட்டுச் சட்டி என்று கேட்காமல் ஒரு கரண்டி வாங்கி உண்டால், நாங்கள் நூறு சொற்பொழிவு ஆற்றினாலும் நடக்காதது அன்று நடக்கும்.

இம்மலர் உங்கள் கைக்கு வரும் வாரத்தின் புதன்கிழமை, இரண்டாம் ஆண்டு வகுப்பில் முதல் முறை என்னுடையது. அரைக்கிலோ காராமணி வாங்கி வைத்துவிட்டேன். கரண்டியும் நானே கொண்டு வருகிறேன். மோர் மட்டும் யாராவது கொண்டு வாருங்கள், எங்கள் கொல்லை மிளகாய் கொஞ்சம் பொல்லாதது.