ஆயா என்றால் ஆசிரியை

'ஆயா' என்ற சொல்லை நாம் எவ்வளவு அலட்சியமாகச் சொல்கிறோம்! சில ஊர்களில் பாட்டியை ஆயா என்று அழைப்பார்கள். அது நம் சொந்தச் சொல். பிள்ளை பார்க்கும் பெண்ணைக் குறிக்கும் 'ஆயா' அப்படியல்ல. அது போர்ச்சுகலில் இருந்து கப்பலேறி வந்தது. அந்த மொழியில் ஆயா என்றால், பெரிய வீட்டுப் பிள்ளைகளோடு இருந்து, வளர்த்து, எழுத்தும் ஒழுக்கமும் சொல்லிக் கொடுப்பவள். ஆங்கிலேயர் 'கவர்னஸ்' என்று சொல்கிறார்களே, ஏறக்குறைய அதே பொருள். இந்தியாவுக்கு வந்த பிறகு அந்தச் சொல்லில் இருந்த 'சொல்லிக் கொடுப்பவள்' உதிர்ந்துபோனாள். வேலைக்காரி மட்டும் மிஞ்சினாள்.

கவர்னஸ் பாடு மட்டும் சுகமா என்றால் அதுவும் இல்லை. 1851ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்போது இங்கிலாந்தில் சுமார் 25,000 கவர்னஸ்கள் இருந்தார்கள். பெரும்பாலோர் படித்த, ஆனால் கையில் காசில்லாத குடும்பத்துப் பெண்கள். எசமானரோடு உட்கார்ந்து சாப்பிட முடியாது. சமையலறை ஆட்களோடும் ஒட்ட முடியாது. 'ஜேன் அயர்' நாவலை எழுதிய சார்லட் பிராண்டி 1841இல் ஒரு வீட்டில் கவர்னஸாக இருந்தார். ஆண்டுச் சம்பளம் 20 பவுன். அதிலும் துணி வெளுக்க ஏறக்குறைய 4 பவுன் பிடித்தம்! அந்த மனக்கசப்பு 1847இல் நாவலாக வந்தது. அதே ஆண்டில் தங்கை ஆன் பிராண்டியும் தம் கவர்னஸ் அனுபவத்தை வைத்து 'ஆக்னஸ் கிரே' எழுதினார்.

உலகம் அதிகம் அறிந்த கவர்னஸ் நமக்குப் பக்கத்தில்தான் இருந்தார். அன்னா லியோனோவென்ஸ். கணவர் பினாங்கில் ஹோட்டல் நடத்தியவர்; 1859இல் இறந்துபோனார். இரண்டு பிள்ளைகளோடு நின்ற அன்னா, சிங்கப்பூரில் சிறிய பள்ளி ஒன்றை நடத்திப் பார்த்தார். 1862இல், வணிகர் டான் கிம் சிங் மூலமாக, சயாம் மன்னர் மோங்குட்டின் அரண்மனை வேலை கிடைத்தது. மன்னரின் மனைவியருக்கும் பிள்ளைகளுக்கும் பாடம் நடத்த வேண்டும். அதே 1862இல்தான் அபு பக்கார் ஜொகூரின் ஆட்சிப் பொறுப்பை ஏற்றார். நம் ஜொகூர் பாரு அப்போது தஞ்சோங் புத்திரி.

அரண்மனையில் ஐந்து ஆண்டுகள் இருந்த அன்னா, 1870இல் அதைப் புத்தகமாக எழுதினார். பிற்காலத்தில் அது நாடகமாகவும் படமாகவும் ஆனது. 1999இல் வந்த படத்துக்குத் தாய்லாந்து அனுமதி தராததால், நம் நாட்டில்தான் படப்பிடிப்பு நடந்தது.

ஆனால் அன்னா தம்மைப் பற்றிச் சொன்ன பலவும் உண்மையில்லை என்று பின்னாளில் ஆய்வாளர்கள் கண்டார்கள். வேல்ஸில் பிறந்ததாகச் சொல்லிக்கொண்டார்; பிறந்தது இந்தியாவில், 1831இல். கணவர் ராணுவ அதிகாரி என்றார்; அதுவும் இல்லை. அவருடைய தாய்வழிப் பாட்டி இந்தியப் பெண்ணாகவோ இந்திய ரத்தம் கலந்தவராகவோ இருந்திருக்க வேண்டும் என்று கருதுகிறார்கள். ஏன் இத்தனை மறைப்பு? இங்கிலீஷ்காரி என்றால் கவர்னஸ். அந்தப் பாட்டியின் நிறம் தெரிந்தால் ஆயா. பிள்ளையும் வேலையும் மாறுவதில்லை. பெயரும் சம்பளமும் நாற்காலியும் மாறிவிடும்.

ஆயாக்களின் கதியைப் பாருங்கள். இந்தியாவிலிருந்து ஊர் திரும்பிய வெள்ளைக்காரக் குடும்பங்கள், கப்பலில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள ஆயாக்களைக் கூடவே அழைத்துப் போனார்கள். லண்டனில் இறங்கியதும், திரும்பி வரச் சீட்டுக்கூட எடுத்துத் தராமல் சிலரை அப்படியே விட்டுவிட்டார்கள். அவர்களைத் தங்க வைக்கவே லண்டனில் ஆயாக்கள் இல்லம் ஒன்று இருந்தது. 1900 முதல் அது ஹாக்னி பகுதியில் இயங்கியது. அந்தக் கட்டடத்தில் நினைவுப் பலகை பதிக்க 2022 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

நம் தோட்டத்து ஆயாக்களுக்கு அந்தப் பலகையும் இல்லை. குளுவாங், லாபிஸ், கூலாய்ப் பக்கத்துத் தோட்டங்களில் வளர்ந்தவர்களுக்கு ஆயா கொட்டகை தெரியும். விடியுமுன் பெரட்டுக்குப் போகும் தாய், தூக்கம் கலையாத பிள்ளையை அங்கே விட்டுவிட்டுப் பால் மரம் சீவப் போவாள். உத்திரத்தில் வரிசையாகச் சேலைத் தொட்டில்கள். பால் மரம் சீவத் தெம்பில்லாத வயதான பெண்கள்தான் பெரும்பாலும் அங்கே ஆயா. ஒரு கையால் தொட்டிலை ஆட்டி, மறு கையால் இன்னொரு பிள்ளைக்கு ஊட்டி, அழுகிறவனுக்குப் பாட்டும் அடிக்கிறவனுக்கு அதட்டலும் கொடுத்தவர்கள். தோட்டத் தமிழ்ப்பள்ளிக்கு முந்திய பள்ளி அதுதான். பிள்ளைகள் தமிழைக் கேட்டதும், பகிர்ந்து தின்னப் பழகியதும் அங்கேதான்.

தோட்டங்கள் பல வீடமைப்புப் பகுதிகளாகிவிட்டன. ஆனால் காலைக் காட்சி மாறவில்லை. சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகும் நம் இளம் பெற்றோர், பாலத்து நெரிசலுக்கு முந்த வேண்டும் என்று இருட்டிலேயே கிளம்புகிறார்கள். தூங்கும் பிள்ளை தாஸ்காவுக்கோ பக்கத்து வீட்டு ஆன்ட்டியிடமோ போகிறது. நான்கு வயதுக்குட்பட்ட பிள்ளைகள் நான்கு பேரோ அதற்கு மேலோ இருந்தால், 1984ஆம் ஆண்டுச் சட்டப்படி சமூக நல இலாகாவில் பதிய வேண்டும். ஆன்ட்டி வீட்டில் இரண்டு மூன்று பிள்ளைகள் என்றால் பதிவும் இல்லை, ஒப்பந்தமும் இல்லை. எல்லாம் வாய்ப்பேச்சுதான்.

அங்கேதான் நாம் தடுமாறுகிறோம். பெரிய பிள்ளையின் டியூஷனுக்குக் கேட்ட கட்டணத்தைப் பேரம் பேசாமல் கட்டுகிறோம். ஒரு நாளில் பத்து, பன்னிரண்டு மணி நேரம் கைக்குழந்தையைப் பார்ப்பவரிடம் ஐம்பது வெள்ளிக்கு இழுபறி. பாலத்தில் இரண்டு மணி நேரம் மாட்டிக்கொண்டால் முதலாளி நம்மைப் புரிந்துகொள்ள வேண்டும். அந்த இரண்டு மணி நேரத்துக்கு ஆன்ட்டிக்கு என்ன கொடுத்தோம்? நமக்கு வருடாந்திர விடுப்பு உண்டு. அவருக்குக் காய்ச்சல் வந்தால் முகம் சுளிக்கிறோம். "குடும்பத்தில் ஒருத்தர் மாதிரி" என்று சொல்லிக்கொள்வதெல்லாம் பல வீடுகளில் சம்பள நாள் வரைக்கும்தான்.

பெரிய காரியம் எதுவும் தேவையில்லை. மாதச் சம்பளம், தாமதமானால் கூடுதல் பணம், சம்பளத்தோடு விடுப்பு நாள்கள் ஆகிய மூன்றையும் ஒரு தாளில் எழுதி, இருவரும் ஆளுக்கு ஒன்று வைத்துக்கொள்ளுங்கள். பிள்ளை முன்னால் அவரை எப்படிக் கூப்பிடுகிறீர்கள் என்பதையும் கவனியுங்கள். யாரை மதிக்கலாம், யாரை மதிக்க வேண்டாம் என்ற பாடத்தைப் பிள்ளை நம் வாயிலிருந்துதான் கற்கிறது.

1897இல் சயாம் மன்னர் சூலாலங்கோர்ன் லண்டன் போனபோது, முப்பது ஆண்டுகளுக்கு முன் தமக்குப் பாடம் நடத்திய அன்னாவைச் சந்தித்து நன்றி சொன்னார். அவருடைய புத்தகத்தில் இருந்த தவறுகளுக்காக வருத்தப்பட்டார். ஆனாலும் நன்றியை மறக்கவில்லை. உங்கள் அப்பாவையோ அம்மாவையோ தொட்டிலில் ஆட்டிய ஆயா இன்று ஏதோ ஒரு தாமானில் மகன் வீட்டில் இருக்கலாம். பெயர் தெரியாவிட்டால் வீட்டுப் பெரியவர்களிடம் கேளுங்கள். இந்தத் தீபாவளிக்குப் பிள்ளைகளோடு போய், ஒரு சேலை வைத்துக் கொடுத்துவிட்டு வாருங்கள்.