கம்பம் நடுமுன் எழுத வேண்டிய கடிதம்

2018 டிசம்பரில் கொங்கு மாவட்ட விவசாயிகள் உயரழுத்த மின்கோபுரங்களை எதிர்த்துப் போராடியபோது அந்தப் பிரச்சினை தலைப்புச் செய்தியானது. தாலுகா ஊர்களில் வழக்கறிஞர் தொழில் செய்யும் நம்மிடம் வருகிறவர்களின் சங்கடம் அதைவிடச் சிறியது, செய்தியாகாதது. பக்கத்து மனைக்கு மின்இணைப்புக் கொடுப்பதற்காகக் கட்சிக்காரரின் வரப்புக்குள் ஒரு கம்பம் நட்டிருப்பார்கள். கம்பம் பிடிக்கும் இடம் ஒரு சதுர அடிதான் என்றாலும், அதைத் தாங்கும் ஸ்டே கம்பி டிராக்டரைத் திருப்ப விடாது. மனை நிலமாக இருந்தால் பாடு இன்னும் அதிகம். 11 கிலோவோல்ட் கம்பியிலிருந்து கட்டடம் பக்கவாட்டில் 1.2 மீட்டராவது தள்ளியிருக்க வேண்டும். இரு பக்கமும் அதை விட்டு, கம்பிகளின் விரிவையும் சேர்த்தால் மூன்று மீட்டர் போய்விடும். இருபதடி அகல மனையில் அது ஏறக்குறைய பாதி.

இந்த வழக்குகளில் நம்மில் பலரும் கட்சிக்காரர் சொன்ன மாத்திரத்தில் முன்சீப் கோர்ட்டில் உறுத்துக்கட்டளை வழக்குப் போட்டுவிடுகிறோம். அதற்கு முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது: எந்த அதிகாரத்தின் கீழ் இந்தக் கம்பத்தை நடுகிறார்கள்?

மின்சாரச் சட்டம், 2003 இதற்கு இரண்டு வழிகளை வைத்திருக்கிறது. ஒன்று பிரிவு 164. தந்தி அலுவலர்களுக்கு 1885-ஆம் ஆண்டுத் தந்திச் சட்டம் தந்த அதிகாரத்தை உரிய அரசு தன் எழுத்து மூல ஆணையால் மின் உரிமதாரருக்கு வழங்கலாம். அப்படி ஆணை இருந்தால் நில உரிமையாளரின் முன் இசைவு தேவையில்லை. பவர்கிரிட் எதிர் செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில், (2017) 5 எஸ்.சி.சி. 143, உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. தந்திச் சட்டத்தின் இடத்தில் 2023-இல் தொலைத்தொடர்புச் சட்டம் வந்த பிறகும், பிரிவு 164-இன் கீழ் போடப்படும் மின்பாதைகளுக்காகப் பழைய சட்டத்தின் மூன்றாம் பாகம் காப்பாற்றி வைக்கப்பட்டிருக்கிறது.

மற்றது பிரிவு 67. அதன் கீழ் மத்திய அரசு 2006-இல் வகுத்த உரிமதாரர் பணிகள் விதிகளின் விதி 3, உரிமையாளர் அல்லது அனுபோகதாரரின் முன் இசைவைக் கேட்கிறது. அவர் ஆட்சேபித்தால் உரிமதாரர் மாவட்ட நடுவரிடம் எழுத்து மூல அனுமதி பெற வேண்டும். இழப்பீடோ ஆண்டு வாடகையோ இரண்டுமோ, அதை நிர்ணயிப்பவரும் அவரே. அதில் குறையிருந்தால் ஒழுங்குமுறை ஆணையத்திடம் சீராய்வுக்குப் போகலாம். மத்திய அரசின் விதிகள் மாநில உரிமதாரரைக் கட்டுப்படுத்தாது என்று எதிர்த்தரப்பு வாதாடக்கூடும். பதில் பிரிவு 185(2)(பி)-யில் இருக்கிறது. பிரிவு 67-இன் கீழ் விதிகள் வகுக்கப்படும் வரை, 1910-ஆம் ஆண்டு இந்திய மின்சாரச் சட்டத்தின் 12 முதல் 18 வரையான பிரிவுகள் தொடரும். 1910-இன் பிரிவு 12 சொல்வதும் அதேதான்: இசைவு கேள், ஆட்சேபித்தால் மாவட்ட நடுவரிடம் போ, இழப்பீட்டை அவர் தீர்மானிப்பார். எந்த வாசலில் நுழைந்தாலும் பிரிவு 67 அந்த இடத்துக்கே கொண்டுவந்து விடுகிறது.

ஆகவே முதல் வேலை ஒரு கடிதம். உதவிப் பொறியாளருக்கும் செயற்பொறியாளருக்கும் பதிவு வசதியுடன் கூடிய விரைவுத் தபாலில், ஒப்புகையோடு, கம்பம் நடுவதற்கு முன்பே போக வேண்டும். சர்வே எண், புலப்படத்தில் குறித்த இடம், ஆட்சேபணைக்கான காரணம், அதே வரப்பை ஒட்டியோ பொதுப்பாதை ஓரமாகவோ மாற்று வழி, இவை அதில் இருக்கட்டும். பிரிவு 164 ஆணை இருந்தால் அதன் நகலையும் கேளுங்கள். பேச்சளவில் லைன்மேனிடம் சொன்ன மறுப்பு கோப்பில் ஏறுவதில்லை. ஆறு மாதம் கழித்து, அப்போது இசைந்துவிட்டார் என்று பதிலுரையில் வந்து நிற்கும். மின்சாரமே வேண்டாம் என்று எந்தக் கட்சிக்காரரும் சொல்வதில்லை. ஒரு வார்த்தை கேட்காமல் நட்டார்களே என்பதுதான் அவர்களுடைய கோபம், அது நியாயமான கோபம்.

பிரிவு 164 ஆணை இருந்தாலும் எல்லாம் முடிந்துவிடவில்லை. தந்திச் சட்டத்தின் பிரிவு 10 நிலத்தைப் பயன்படுத்தும் உரிமையை மட்டுமே தருகிறது. சேதம் இயன்றவரை குறைவாக இருக்க வேண்டும், இழப்பீடு முழுமையாகத் தரப்பட வேண்டும். தொகை போதாதென்றால் பிரிவு 16(3)-இன் கீழ் மாவட்ட நீதிபதியை நாடலாம். எதைக் கணக்கில் எடுப்பது என்பதற்குக் கேரள மாநில மின்வாரியம் எதிர் லிவிஷா, (2007) 6 எஸ்.சி.சி. 792, இன்றும் கைவிளக்கு: நிலம் இருக்கும் இடம், கம்பியிலிருந்து தொலைவு, பாதை நிலத்தின் சிறு பகுதி மேல் போகிறதா நடுவே அறுத்துக்கொண்டு போகிறதா.

நாம் அதிகம் எடுத்தாளாதது அதே தந்திச் சட்டத்தின் பிரிவு 17. நிலத்தை வேறு விதமாகப் பயன்படுத்த விரும்பும் உரிமையாளர், கம்பத்தை அதே சொத்தின் வேறு பகுதிக்கு மாற்றும்படி கோரலாம். இழப்பீடு வாங்கியிருந்தால், மாற்றும் செலவு அல்லது வாங்கிய தொகையில் பாதி, இரண்டில் எது குறைவோ அதை அவர் கட்ட வேண்டும். இழப்பீடே வாங்காதவரை எதையும் கட்டும்படி அந்தப் பிரிவு சொல்லவில்லை. உரிமதாரர் செவிசாய்க்காவிட்டால் மாவட்ட நடுவரிடம் மனுப்போடலாம். நடைமுறையிலோ, ஒரு ரூபாய்கூட இழப்பீடு பெறாதவரிடம் மதிப்பீட்டுத் தொகை முழுவதையும் முன்கூட்டியே கட்டச் சொல்கிறார்கள். பிரிவு 164-ஐக் காட்டிக் கம்பம் நட்டவர்கள், எடுக்கும்போது மட்டும் அதோடு ஒட்டிவரும் பிரிவு 17-ஐ மறப்பதை நாம் அனுமதிக்கக் கூடாது.

மாநில அரசு செய்ய வேண்டியதும் உண்டு. மத்திய மின்துறையின் 2024 ஜூன் வழிகாட்டுதல்கள் கோபுர அடிநிலத்துக்கு நில மதிப்பில் 200 சதவீதமும், கம்பிப்பாதையின் கீழுள்ள நிலத்துக்கு 30 சதவீதமும் பரிந்துரைத்தன. ஆனால் அவை 66 கிலோவோல்ட்டும் அதற்கு மேலும் உள்ள பாதைகளுக்கு மட்டும். 11 கிலோவோல்ட் கம்பத்துக்கும் வீட்டு இணைப்புக் கம்பத்துக்கும் அங்கே கணக்கில்லை. இருபதடி மனைக்காரரின் இழப்பு இருபது ஏக்கர்க்காரரின் இழப்பைவிடச் சில வேளை கடுமையானது. அவருக்கும் எழுதப்பட்ட ஒரு கணக்கு வேண்டும்.

மாவட்ட நடுவர்கள் பிறப்பிக்கும் இத்தகைய ஆணைகள் தீர்ப்புத் தொகுப்புகளில் இடம்பெறுவதில்லை. ஆண்டு வாடகை நிர்ணயித்த ஆணையோ, பிரிவு 17-இன் கீழ் கம்பத்தை மாற்றச் சொன்ன ஆணையோ உங்கள் கைவசம் இருந்தால், கட்சிக்காரரின் பெயரை நீக்கி எங்களுக்கு அனுப்புங்கள். வரும் இதழ்களில் முழுமையாக வெளியிடுகிறோம்.