காலத்தை ஆண்ட காலம்

கழிந்துபோன ஒரு பொற்காலத்தை மனத்தாற் படைத்து, அதன்கண் வாழ்ந்தோர்க்கு நம்பால் இல்லாத பேராற்றல்களை ஏற்றிக் கூறி மகிழ்தல் மக்களுக்கு இயல்பு. அவ்வாற்றல்களுள் தலையாயது காலத்தை வசப்படுத்தும் ஆற்றலாகும். ஞாயிற்றை நிறுத்தவும், நாளை நீட்டவும், சென்ற ஆண்டை மீட்கவும் வல்ல நாகரிகங்கள் முன்னொரு யுகத்தில் விளங்கியதாகக் கதைகள் பல உள. நம் மாணவர் அவற்றை ஆவலோடு படிக்கின்றனர். அத்தகைய காலம் மீண்டும் வாராதோ எனச் சிலர் ஏங்கவும் செய்கின்றனர். அவ்வேக்கம் தக்கதுதானா என ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதற்கண் நம் புராணங்களை நோக்குவோம். ரைவத மன்னன் தன் மகள் ரேவதிக்கு ஏற்ற மணமகன் யாவன் எனக் கேட்டறியப் பிரமலோகம் சென்றான். அங்கு நிகழ்ந்த இசை முடியுமட்டும் சிறிது பொழுது காத்து நின்றான். அதற்குள் மண்ணுலகில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்தன என்பது பாகவதம் கூறும் கதை. அவன் கருதியிருந்த மணமக்களும் மாய்ந்தனர். அவர்தம் மக்களும் பேரரும் மாய்ந்தனர். பின்னரே பலராமன் ரேவதியை மணந்தான். காலத்தின் கட்டைக் கடந்த அம்மன்னன் பெற்ற பயன் யாது? ஊரையும் உறவையும் ஒருங்கே இழந்தான். இக்கதை சொன்ன முன்னோர் அவ்வாற்றலைப் பெரும்பேறாக மதித்தாரென்று கூறுதல் அரிது. திருவள்ளுவரும் 'காலமறிதல்' என ஓர் அதிகாரம் வகுத்தாரேயன்றிக் காலத்தை மாற்றுதற்கு ஓர் அதிகாரம் வகுத்தாரல்லர்.

காலத்தை அறிவதில் நம்மவர் எய்திய திறமோ மெய்யான வரலாறு. ஒரு நாளை 60 நாழிகையாகவும், ஒரு நாழிகையை 60 விநாழிகையாகவும் பகுத்து வாழ்ந்தனர். ஜான் வாரன் என்பார் 1825-ஆம் ஆண்டில் சென்னையில் வெளியிட்ட 'காலசங்கலித' என்னும் ஆங்கில நூல் ஓர் அரிய செய்தியைத் தருகிறது. புதுச்சேரியிலிருந்த பஞ்சாங்கக் கணிதர் ஒருவர், எழுதிக் கணக்கிடாமல், நிலத்திற் சிப்பிகளைப் பரப்பி, மனப்பாடமாகக் கொண்டிருந்த வாய்பாடுகளின் துணையால் அவ்வாண்டு மே 31-க்கும் ஜூன் 1-க்கும் இடைப்பட்ட இரவில் நேர்ந்த சந்திர கிரகணத்தைக் கணித்தார். கிரகணத் தொடக்கத்தில் அவர் கணக்குப் பிழைத்தது 4 நிமிஷமே; நடுவில் 23 நிமிஷமும், முடிவில் 52 நிமிஷமும் பிழைத்தது. சந்திரன் செல்லும் வேகத்தை ஓரணுவும் மாற்ற அவரால் இயலாது. அதன் நெறியை அறிந்து முன்னுரைக்க இயன்றது. மாந்தர்க்கு உரிய மாட்சி இதுவே என்பேன்.

இனி, காலத்தை ஆண்ட அரசுகள் உலகில் இருந்ததே இல்லையோ எனின், ஒருவகையில் இருந்தன. காலம் எவர்க்கும் அடங்கவில்லை. ஆனால் காலத்தின் கணக்கு ஆள்வோர் கையில் அடங்கிற்று. நம் நாட்டிலேயே அதற்குச் சான்று உண்டு. கிழக்கிந்தியக் கம்பெனியார் 1792-ஆம் ஆண்டில் சென்னை நுங்கம்பாக்கத்தில் ஒரு வானாராய்ச்சி நிலையம் அமைத்தனர். அங்கு வானியலறிஞராக இருந்த கோல்டிங்ஹாம் 1802-இல் அவ்விடத்தின் தீர்க்கரேகையைக் கணித்து, அது கிரீனிச்சுக்கு 5 மணி 21 நிமிஷம் 14 விநாடி முற்பட்டதென வரையறுத்தார். இதுவே 'சென்னை நேரம்' எனப்பட்டது. அதற்கு முன் ஒவ்வோர் ஊரும் தன் தலைமேல் ஞாயிறு நிற்கும் வேளையையே உச்சிப்பொழுதாகக் கொண்டிருந்தது. சென்னையில் உச்சியாகி ஏறத்தாழ 2 நிமிஷம் கழிந்த பின்னரே காஞ்சியில் உச்சியாகும். இருப்புப்பாதை பரவியபின் அவ்வேற்றுமை பொறுக்கத்தக்கதாக இல்லை. ஒரே தண்டவாளத்தில் ஓடும் வண்டிகளுக்கு ஒரே நேரம் வேண்டும். ஆகவே நெடுந்தொலைவிலுள்ள இரயில் நிலையங்களும் சென்னை நேரத்தைக் கைக்கொண்டன.

பின்னர், 1906-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாளன்று, கிரீனிச்சுக்கு 5½ மணி முற்பட்ட இந்தியப் பொதுநேரம் நடைமுறைக்கு வந்தது. சென்னையின் கடிகாரங்கள் 9 நிமிஷத்துக்குச் சற்றுக் குறைவாகவே முன்தள்ளப்பட்டன. பம்பாயிலோ வேறுபாடு 39 நிமிஷம். புதிய கணக்கின்படி ஆலைக்கு வருவோர் ஞாயிற்றின் கணக்கில் 39 நிமிஷம் முன்னதாக எழவேண்டும். இருளில் எழுவோர் யாவர்? ஆணை பிறப்பித்தவர் அல்லர், பஞ்சாலைத் தொழிலாளரே. அவருட் பலர் அம்மாதத்திலேயே கிளர்ந்தெழுந்தனர். பம்பாய் நகரம் தன் பழைய நேரத்தை 1955 வரையிலும், கல்கத்தா தன் நேரத்தை 1948 வரையிலும் முற்றும் கைவிடவில்லை.

பிற நாட்டார் வரலாறும் இதனையே காட்டுகிறது. பிரெஞ்சுப் புரட்சியாளர் 1793-இல் ஏழுநாள் வாரத்தை நீக்கிப் பத்துநாள் வாரம் வகுத்தனர். ஏழு நாளுக்கொருமுறை ஓய்ந்தவன் பத்து நாளுக்கொருமுறை ஓயவேண்டியவனானான். அவ்வாரமுறை 1802-ஆம் ஆண்டில் ஒழிந்தது. இலங்கையில் 1996-ஆம் ஆண்டு மின்சாரத்தைச் சேமிக்கக் கடிகாரங்களை முன்தள்ளினர். விடுதலைப் புலிகள் வசமிருந்த பகுதிகளில் பழைய நேரமே வழங்கிற்று. ஒரு சிறு தீவு பல்லாண்டு இரண்டு கடிகாரங்களோடு வாழ்ந்து, 2006-இல்தான் பழைய நேரத்திற்கு மீண்டது.

பொதுநேரம் நன்மை பயப்பதன்றோ எனச் சிலர் வினவலாம். நன்மையே, அதனை மறுப்பாரில்லை. அஃதின்றேல் இரயிலும் இல்லை, தேர்வும் இல்லை. ஆயினும் காலக்கணக்கை மாற்றுவோர் ஒருவராகவும், அம்மாற்றத்தின் சுமையைத் தாங்குவோர் வேறொருவராகவும் இருக்குமிடத்து, தாங்குவோரைக் கேட்டறிதல் அறம். கணக்கை மாற்றியதற்கே இவ்வளவு துன்பமெனில், காலத்தையே மாற்றவல்ல அரசு ஒன்று இருந்திருப்பின் எளியோர் நிலை யாதாகியிருக்கும்? அரசன் தன் இளமையை நீட்டிக்கொள்வான். உழவன் தன் பகலை நீட்டப் பெறுவான்.

காஞ்சிமாநகரிலும் அதன் அயலதாகிய முசரவாக்கம் முதலிய ஊர்களிலும் வாழ்வோர்க்கு இவ்வுண்மை எளிதில் விளங்கும். தறியின்முன் இருப்பவர் விற்பது பட்டும் சரிகையும் மட்டுமன்று. தம் வாழ்நாளையே விற்கின்றனர். கோர்வைச் சேலையில் உடலுக்கும் இருகரைகளுக்குமாக மூன்று நாடாக்கள் ஓடும். ஒவ்வோர் ஊடையிலும் கரையையும் உடலையும் பிணைக்கவேண்டும். ஒரு சேலை முடியப் பல நாட்கள் செல்லும். கூலியோ சேலைக்கு இவ்வளவு என்பதே; மழையால் பாவு தோய்வது தடைப்படினும், கண் நோயுறினும், அந்நாட்கள் நெசவாளர் கணக்கிலேயே கழியும். விசைத்தறியில் விரைந்து முடிந்த சேலையைக் கைத்தறி எனச் சொல்லி விற்போன், கொள்வோனை ஏமாற்றுவதோடு, தான் செலவிடாத நாட்களுக்கும் விலை பெறுகிறான். சில வகைத் துணிகளைக் கைத்தறிக்கே உரியவாக ஒதுக்கும் சட்டம் 1985-இல் இயற்றப்பட்டது. சட்டம் செவ்வனே நடைபெற, வாங்குவோர்க்கு விழிப்பும் வேண்டும். காலத்தைப் புரட்டும் வித்தை கற்பனை யுகத்தில் இருந்ததோ இல்லையோ, கடைவீதியில் உண்டு.

மாணவ நண்பர்களே! அரசரையும் வணிகரையும் மட்டும் குறைகூறி அமைதல் போதாது. பிறர் காலத்தின்மேல் நம் ஒவ்வொருவர்க்கும் சிறிது ஆட்சி உண்டு. ஐந்நூற்றுவர் கூடியிருக்கும் அவைக்குத் தலைவர் அரைமணி தாழ்த்து வருவாராயின், அவர் கவர்ந்தது அரைமணியன்று, இருநூற்றைம்பது மணி. நூலகத்து நூலைக் குறித்த நாளில் திருப்பித் தாராதவன், அதற்காகக் காத்திருக்கும் தோழனது நாளைக் கவர்கிறான். வருங்காலத்தில் நம்முட் சிலர் ஆலையும் அலுவலகமும் பள்ளியும் நடத்துவர். பலருடைய காலையும் மாலையும் அவர் சொல்லால் அமையும். அன்று அவர்கள் மணியடிக்குமுன், அம்மணியோசை கேட்டு எழவேண்டியோரை ஒருமுறை நினைப்பாராயின், ரைவதன் பெறாத பேற்றை அவர்கள் பெறுவர்: தம் காலத்து மக்களோடு ஒருங்கு வாழும் பேறு அது.