பதினான்கு காரட்

பொற்கொல்லர் பட்டறையில் எதுவும் வீணாவதில்லை. உமிச்சட்டியில் நெருப்பு கனிந்துகொண்டிருக்கும். ஆசாரி ஒரு கையில் குறட்டைப் பிடித்தபடி, வாயில் வைத்த ஊதுகுழலால் சுடரை வளைத்து, பொடி வைத்த இணைப்பின் மேல் மட்டும் படும்படி ஊதுவார். வெண்காரம் பொங்கி அடங்கும். பொடி உருகி ஓடும் அந்தக் கணத்தைத் தவறவிட்டால் பக்கத்து மணியும் சேர்ந்து உருகிவிடும். அரம் போடும்போது உதிரும் துகள் கீழே விரித்த துணியில் சேரும். பட்டறையைக் கூட்டிய மண்ணைக்கூட விலைக்கு வாங்கிப்போய் அரித்துப் பார்க்கிறவர்கள் உண்டு.

1963 ஜனவரியில் இந்த வேலை குற்றமாயிற்று. சீனப் போர் ஓய்ந்து ஏழு வாரம்தான் ஆகியிருந்தது. நிதியமைச்சர் மொரார்ஜி தேசாய் கொண்டுவந்த தங்கக் கட்டுப்பாட்டு விதிகளின்படி, 14 காரட்டுக்கு மேல் தரமுள்ள நகையைப் புதிதாகச் செய்யக்கூடாது. 22 காரட் என்றால் நூற்றுக்குச் சுமார் 92 பங்கு பொன். 14 காரட்டில் 58 பங்குதான். மீதி செம்பும் வெள்ளியும். நிறம் மாறும், உலோகம் கடினப்படும், பற்றவைக்கும் பொடியின் சேர்மானத்தையே மாற்ற வேண்டிவரும். அடகுக்குக் கொண்டுபோனால் அதற்குத் தகுந்த விலைதான் கிடைக்கும். ஒரு பெண்ணின் தாலியில் எத்தனை பங்கு பொன் இருக்கலாம் என்பதை டெல்லியில் உட்கார்ந்து தீர்மானித்தார்கள். நாடெங்கும் ஆசாரிகள் பிழைப்பிழந்தார்கள். சிலர் உயிரை மாய்த்துக்கொண்ட செய்திகளும் வந்தன.

அரசுக்குக் காரணம் இல்லாமல் இல்லை. அந்நியச் செலாவணி கரைந்துகொண்டிருந்தது, கடத்தல் தங்கம் உள்ளே வந்துகொண்டிருந்தது, பாதுகாப்புக்குப் பணம் தேவைப்பட்டது. அதைச் செய்தவர்கள் கெட்ட எண்ணம் கொண்டவர்கள் என்றும் நான் நினைக்கவில்லை. சுதந்திரவாதம் என்ற அரசியல் தத்துவத்தைப் பற்றி முதன்முதலாகக் கேட்கும் இளைஞர்களுக்கு இந்தக் கதையை நான் முதலில் சொல்ல விரும்புவதே அதனால்தான். கொடுங்கோலர்களை எதிர்க்கத் தத்துவம் தேவையில்லை. வயிறு எரிந்தாலே போதும். நல்லெண்ணத்தோடு, கோப்போடு, கையெழுத்தோடு வரும் தடையை எந்த அளவுகோலால் அளப்பது என்பதற்குத்தான் தத்துவம் வேண்டியிருக்கிறது.

அந்த அளவுகோல் மிக எளிது. ஒருவர் தன் உடலையும் உழைப்பையும் அதனால் ஈட்டியதையும் வைத்துக்கொண்டு, பிறரை அடிக்காமல், ஏமாற்றாமல், எதைச் செய்தாலும் அதற்கு அவர் யாரிடமும் காரணம் சொல்ல வேண்டியதில்லை. தடுக்க வருகிறவர்தான் காரணம் சொல்ல வேண்டும். ஆசாரிக்கும் நகை செய்யச் சொன்ன அம்மாவுக்கும் இடையே ஏமாற்று இல்லை, வன்முறை இல்லை. செய்கூலி என்ன, சேதாரம் என்ன என்று இருவரும் பேசி முடித்துவிட்டார்கள். மூன்றாவது ஆள் ஒருவர் உள்ளே வந்து கூடாது என்கிறார். எந்த உரிமையில் என்று கேட்பதிலிருந்துதான் இந்தச் சிந்தனை தொடங்குகிறது.

இதன் வேர்கள் பழையவை. 1689-ல் வெளியான நூலில் ஜான் லாக், மனிதன் தன் உழைப்பைக் கலந்த பொருள் அவனுடையதாகிறது என்று வாதிட்டார். 1859-ல் ஜான் ஸ்டூவர்ட் மில், பிறருக்குத் தீங்கு நேராமல் தடுப்பதற்காக மட்டுமே ஒருவரைச் சமூகம் கட்டாயப்படுத்தலாம் என்று எழுதினார். லாக் அடிமை வியாபாரம் செய்த ராயல் ஆப்பிரிக்கன் கம்பெனியில் பங்கு வைத்திருந்தவர். மில் 35 ஆண்டுகள் கிழக்கிந்தியக் கம்பெனியின் லண்டன் அலுவலகத்தில் உத்தியோகம் பார்த்தவர். தன் கொள்கை முதிராத சமூகங்களுக்குப் பொருந்தாது என்று அந்த நூலிலேயே எழுதி நம்மை வெளியே நிறுத்தினார். இதைத் தெரிந்துகொண்டேதான் அவர்களைப் படிக்க வேண்டும். நம்மை வெளியே நிறுத்தி எழுதிய புத்தகத்திலிருந்து நமக்கான உரிமையை நாமே எடுத்துக்கொண்டோம். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

மில்லின் நூல் வந்து சரியாக நூறாண்டு கழித்து, 1959 ஜூனில், சென்னையில் சுதந்திராக் கட்சி அறிவிக்கப்பட்டது. அதைத் தொடங்கிய ராஜாஜிக்கு அப்போது வயது எண்பது. அந்த ஆண்டு ஜனவரியில் நாக்பூரில் கூடிய காங்கிரஸ், நிலங்களைக் கூட்டுறவுப் பண்ணைகளாக்கத் தீர்மானம் போட்டிருந்தது. அதை எதிர்த்து என்.ஜி. ரங்கா, மினு மசானி போன்றோரைச் சேர்த்துக்கொண்டு ராஜாஜி புறப்பட்டார். தொழில் தொடங்க லைசென்ஸ், பொருள் வாங்க பெர்மிட், இறக்குமதிக்கு கோட்டா என்று நடந்த ஆட்சிக்கு 'பெர்மிட் லைசென்ஸ் கோட்டா ராஜ்யம்' என்று அவர் வைத்த பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது. 1962 தேர்தலில் மக்களவையில் 18 இடங்கள், 1967-ல் 44. அப்போது அதுவே அங்கே மிகப் பெரிய எதிர்க்கட்சி. 1971-ல் 8 இடங்களாகச் சரிந்து, 1974-ல் வேறொரு கட்சியில் கரைந்தது. ஒரிசாவிலும் ராஜஸ்தானிலும் குஜராத்திலும் முன்னாள் மகாராஜாக்களும் பெருநிலக்காரர்களும் அதன் முகமாக இருந்ததால், சுதந்திரம் பணக்காரர் பேச்சு என்ற முத்திரை விழுந்துவிட்டது. இந்தத் தத்துவத்துக்கு இந்தியாவில் நேர்ந்த பெரிய கேடாக நான் இதைத்தான் கருதுகிறேன். லைசென்ஸ் ராஜ்யத்தில் பெரிய ஆலை முதலாளிக்கு டெல்லியில் ஆள் இருந்தது. உமிச்சட்டியின் முன் உட்கார்ந்திருந்தவருக்கு யார் இருந்தார்கள்?

ராஜாஜி கட்டுப்பாடுகளைச் சொல்லால் மட்டும் எதிர்த்தவர் அல்லர். 1952-ல் சென்னை மாகாண முதலமைச்சரானதும் உணவு ரேஷனையும் கட்டுப்பாடுகளையும் நீக்கினார். பற்றாக்குறைக் காலத்தில் இது ஆபத்து என்று பலர் அஞ்சினார்கள். பதுக்கிய அரிசி வெளியே வந்தது. மத்திய உணவு அமைச்சர் ரஃபி அகமது கித்வாயும் அதே வழியில் நடந்தார். அரிசி எங்கே இருக்கிறது, யாருக்கு எவ்வளவு தேவை என்பது ஆயிரக்கணக்கான கையிருப்பிலும் அடுப்படியிலும் சிதறிக் கிடக்கும் அறிவு. எந்த அலுவலகமும் அதைத் திரட்டி வைத்துக்கொள்ள முடியாது. 1945-ல் பொருளியலாளர் ஹாயெக் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையின் சாரமும் இதுவே. தங்கத்திலும் அதேதான். வங்கியில் கணக்கில்லாத வீட்டில் இரண்டு பவுன் சங்கிலிதான் சேமிப்பு, பிள்ளையின் படிப்பு, விதவைக்காலத்தின் கஞ்சி. பெட்டிக்குள் கிடக்கும் சோம்பேறிச் செல்வம் என்று அதைக் கணக்கெழுதியவர்களுக்கு அந்த அம்மாவுக்குத் தெரிந்தது தெரியவில்லை.

ஆனால் ராஜாஜியையே சுதந்திரவாதத்தின் உருவமாக நிறுத்தினால் அது உண்மைக்குச் செய்யும் துரோகம். மத்திய உள்துறை அமைச்சராக இருந்தபோது, விசாரணையின்றிச் சிறைவைக்கும் தடுப்புக்காவல் சட்டத்தின் ஆயுளை 1951-ல் நீட்டித்தவர் அவர். 1937-ல் சேலத்தில் மதுவிலக்கைத் தொடங்கியவர், அதைக் கடைசிவரை கைவிடவில்லை. 1971-ல் மதுவிலக்கைத் தளர்த்த வேண்டாம் என்று முதலமைச்சர் கருணாநிதியின் வீடு தேடிப்போய்க் கேட்டார். குடிக்கிறவரின் உடல் அவருடையதுதானே என்ற கேள்விக்கு அவரிடம் ஒரு காந்தியரின் பதில்தான் இருந்தது.

இன்னும் ஆழமாக என்னை உறுத்துவது 1953-ன் கல்வித் திட்டம். கிராமத் தொடக்கப்பள்ளிப் பிள்ளைக்குப் பாதி நேரம் பள்ளி, மீதி நேரம் பெற்றோரின் தொழில். குலக்கல்வி என்று பெயர் சூட்டிப் பெரியாரும் மற்றவர்களும் எதிர்த்தார்கள். அடுத்த ஆண்டே ராஜாஜி பதவி விலகினார், திட்டம் போயிற்று. இப்போது அதே ஆசாரி வீட்டை நினைத்துப் பாருங்கள். 1953-ல் ஒரு அரசு, அப்பன் தொழிலைக் கற்றுக்கொள் என்று பையனைப் பட்டறைக்கு அனுப்புகிறது. பத்தே ஆண்டில் இன்னொரு அரசு, அந்தத் தொழிலைச் செய்யாதே என்று பட்டறையைப் பூட்டுகிறது. இரண்டு உத்தரவுக்கும் நடுவே, நீ என்னவாக விரும்புகிறாய் என்று அந்தப் பையனிடம் ஒருவரும் கேட்கவில்லை.

சாதியைப் பற்றிப் பேசாமல் தமிழில் இந்தத் தத்துவத்தை அறிமுகம் செய்ய முடியாது. டீக்கடைக்காரர் தனிக் குவளை வைக்கிறார். என் கடை, என் குவளை, என் சொத்து என்கிறார். கண்டிப்பான சுதந்திரவாதிகள் சிலர், அது இழிவானதுதான், ஆனாலும் சட்டம் தலையிடக்கூடாது என்பார்கள். இங்கே நான் அவர்களை விட்டு விலகுகிறேன். அந்தப் பெஞ்சில் ஒருவர் உரிமையோடு உட்கார்ந்தால் என்ன நடக்கும் என்பது ஊருக்கே தெரியும். அடி விழும், குடிசை எரியும், வேலை கொடுக்கக்கூடாது என்று ஊர்க் கட்டுப்பாடு வரும், கடைக்காரரே மனம் மாறி ஒரே குவளையில் கொடுத்தாலும் அவருக்கும் அபராதம் விழும். வரி வாங்கி, தீர்ப்புச் சொல்லி, தண்டனையும் கொடுக்கிற ஓர் அமைப்புக்கு அரசாங்கம் என்பதைத் தவிர வேறு என்ன பெயர்? சாதி யாரும் வாக்களிக்காத ஒரு அரசாங்கம். டெல்லியின் அதிகாரத்தைக் கண்டு கொதிக்கிறவருக்கு ஊர் எல்லையில் நிற்கும் இந்த அதிகாரம் கண்ணில் படவில்லை என்றால், அவர் சுதந்திரத்தைக் காதலிக்கிறார் என்பதை நான் நம்பமாட்டேன். தீண்டாமையை ஒழித்த அரசியல் சாசனத்தின் 17-வது பிரிவு என் கணக்கில் சுதந்திரவாதத்தின் வாசகம்தான்.

வலதுசாரிகளின் சொத்தாகவும் இதை எண்ண வேண்டாம். சுதந்திரவாதியைக் குறிக்கும் லிபர்டேரியன் என்ற சொல்லை 1857-ல் அரசியல் பொருளில் முதலில் பயன்படுத்தியவர் ஜோசப் தெஜாக் என்ற பிரெஞ்சு அராஜகவாதி. இந்தியாவிலோ, பேச்சுரிமைக்கு உச்ச நீதிமன்றத்தில் கிடைத்த முதல் பெரிய வெற்றிகளில் ஒன்று ஓர் இடதுசாரிப் பத்திரிகையால் வந்தது. ரொமேஷ் தாப்பரின் 'கிராஸ் ரோட்ஸ்' பம்பாயிலிருந்து வெளிவந்தது; சென்னை அரசு அதைத் தன் எல்லைக்குள் வரவிடாமல் தடுத்தது. 1950 மே மாதம் நீதிமன்றம் அந்தத் தடையைச் செல்லாது என்றது. மறு ஆண்டே முதல் திருத்தம் வந்து பேச்சுரிமைக்குப் புதிய வேலி போட்டது. ஆசாரியின் ஊதுகுழலுக்கும் கம்யூனிஸ்ட் பத்திரிகைக்கும் ஒரே மூச்சில் வழக்காட முடியாதவர் இந்தத் தத்துவத்தைப் பாதிதான் படித்திருக்கிறார்.

மீண்டும் தங்கத்துக்கு வருகிறேன். சீனப் போர் ஒரு மாதம் நடந்தது. அதற்காக 1962 அக்டோபரில் அறிவித்த நெருக்கடி நிலை 1968 ஜனவரி வரை நீடித்தது. தங்க விதிகள் பிறந்ததே பாதுகாப்பு விதிகளின் மடியில்தான். 14 காரட் வரம்பு எதிர்ப்பில் தளர்ந்து போனது, ஆனால் கட்டுப்பாடு போகவில்லை. நெருக்கடி நிலை முடிந்த அதே 1968-ல் அது நிரந்தரச் சட்டமாயிற்று: கட்டித் தங்கம் சாதாரணக் குடிமகனிடம் இருக்கக்கூடாது, ஆசாரி குறிப்பிட்ட அளவுக்கு மேல் வைத்திருக்கக்கூடாது, வியாபாரிக்கு லைசென்ஸ். அடுத்த ஆண்டு உச்ச நீதிமன்றம் அதன் சில பிரிவுகளை வெட்டியது. சட்டம் பிழைத்துக்கொண்டது. கடத்தல்காரர்கள் பம்பாயில் செல்வந்தர்களானார்கள். நெருக்கடியில் வளரும் அரசு, நெருக்கடி தீர்ந்தபின் பழைய அளவுக்குத் திரும்பச் சுருங்குவதில்லை என்று அமெரிக்க வரலாற்றை வைத்து ராபர்ட் ஹிக்ஸ் 1987-ல் ஒரு நூலே எழுதினார். நம் வரலாற்றிலிருந்து அதற்கு ஓர் அத்தியாயம் சேர்க்கலாம்.

அந்த அத்தியாயத்தில் மொரார்ஜியும் வருவார். 1975-ல் இன்னொரு நெருக்கடி நிலை வந்தபோது, விசாரணையின்றிச் சிறைவைக்கப்பட்டவர்களில் அவரும் ஒருவர். வெளியே வந்து பிரதமரானார். அவருடைய ஆட்சியில் நிறைவேறிய 44-வது திருத்தம், இனி எந்த நெருக்கடியிலும் உயிருக்கும் உடலுக்குமான உரிமையை முடக்க முடியாதபடி செய்தது. இந்தியர்கள் அவருக்கு நன்றி சொல்ல வேண்டிய காரியம் அது. அதே திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. உடலைக் காத்த கை உழைப்பின் பயனைக் காப்பிலிருந்து இறக்கிவைத்தது. லாக்கைப் படித்தவர்களுக்கு இந்தப் பிரிவினை புரியாது.

தங்கச் சட்டம் 1990-ல்தான் நீங்கியது. நீக்குவதாக அறிவித்த நிதியமைச்சர் மது தண்டவதே சோஷலிஸ்ட். சுதந்திராக் கட்சி இல்லாமல் போய்ப் பதினாறு ஆண்டாகியிருந்தது.

2021 ஜூன் முதல் தங்க நகைக்குத் தரத்தைக் காட்டும் ஹால்மார்க் முத்திரை கட்டாயம் என்ற விதி படிப்படியாக வந்துகொண்டிருக்கிறது. 58 பங்கு பொன்னை 92 என்று விற்பது ஏமாற்று. ஏமாற்றைத் தண்டிப்பது அரசின் வேலை என்பதைச் சுதந்திரவாதிகளில் பெரும்பாலோர் ஏற்கிறார்கள். முத்திரையில்லாமலே தெரிந்த ஆசாரியிடம் செய்துகொள்கிறேன் என்று ஒரு பெண் சொன்னால் அதையும் தடுக்கலாமா என்பதில்தான் வாதம். என்ன தரம் என்பதைச் சொல் என்று கேட்கும் சட்டத்தை என்னால் ஏற்க முடிகிறது. எந்தத் தரம் அணியலாம் என்று சொல்லும் சட்டத்தை முடியவில்லை. புதிய விதியில் இரண்டும் கொஞ்சம் கலந்திருந்தன. முதலில் 14, 18, 22 காரட்டுக்கு மட்டும்தான் முத்திரை என்றார்கள். பிறகு 20, 23, 24-ஐயும் சேர்த்தார்கள். ஆண்டு விற்பனை 40 லட்சம் ரூபாய்க்குள் இருக்கும் சிறு வியாபாரிகளுக்கு விலக்கும் கொடுத்தார்கள்.