கேமராமேனுக்கு டைரக்‌ஷன் வராதா?

உலக சினிமா பேசுகிறவர்களிடம் ஒரு சடங்கு உண்டு. 'தி லாஸ்ட் லாஃப்' (1924) என்றால் முர்னாவ், 'மெட்ரோபோலிஸ்' (1927) என்றால் ஃப்ரிட்ஸ் லாங், 'டிராகுலா' (1931) என்றால் டாட் பிரவுனிங். மூன்றிலும் கேமரா பிடித்த கார்ல் ஃப்ராய்ண்டை யாரும் கண்டுகொள்வதில்லை. (மெட்ரோபோலிஸில் அவரோடு குந்தர் ரிட்டாவும் உண்டு, அவர் கதி இன்னும் மோசம்.) தப்பித்தவறிப் பெயர் வந்தாலும், "நல்ல கேமராமேன், டைரக்‌ஷன்தான் வரவில்லை" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள்.

சுத்த அபத்தம்.

பொஹீமியாவில் பிறந்து பெர்லினில் வளர்ந்தவர் ஃப்ராய்ண்ட். 'லாஸ்ட் லாஃப்' படத்தில் குடிபோதைக் காட்சிக்காகக் கேமராவை நெஞ்சில் கட்டிக்கொண்டு தானே தள்ளாடினார். அந்தத் தள்ளாட்டத்துக்கான பாராட்டு முழுக்க முர்னாவ் கணக்கில் சேர்ந்துவிட்டது. டிராகுலாவின் பல காட்சிகளை உண்மையில் இயக்கியதே ஃப்ராய்ண்ட்தான் என்று அதில் நடித்த டேவிட் மானர்ஸே பிற்காலத்தில் சொன்னார். போஸ்டரில் பிரவுனிங் பெயர்தான்.

சரி, தனியாக இயக்கியதைப் பார்ப்போம். 'தி மம்மி' (1932). செத்தவன் எழுந்து வரும் காட்சியில் வேறொருவராக இருந்தால் போரிஸ் கார்லாஃபை நடக்கவிட்டுக் கத்த வைத்திருப்பார். இங்கே லேசாகத் திறக்கும் கண், சுருளை எடுக்கும் ஒரு கை, தரையில் இழுபட்டுப் போகும் துணிப்பட்டை, அவ்வளவுதான். மீதியெல்லாம் அதைப் பார்த்துப் பைத்தியமான இளைஞனின் சிரிப்பு. எதைக் காட்டக்கூடாது என்று தெரிந்தவனுக்கு டைரக்‌ஷன் வராதாம்!

1935இல் பீட்டர் லோரேவை வைத்து 'மேட் லவ்'. நடுவில் வரும் பத்திரிகை நிருபரின் காமெடி கடி என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். படம் ஓடவில்லை; அதன்பின் அவர் எந்தப் படத்தையும் இயக்கவில்லை. ஓடாத படத்துக்கும் இயக்கத் தெரியாததற்கும் என்ன சம்பந்தம்? அதே படத்தின் சாயல் 'சிட்டிசன் கேன்' படத்தில் இருப்பதாக 1971இல் எழுதியவர் பாலின் கேல். இரண்டு படத்திலும் வேலை செய்த ஒளிப்பதிவாளர் கிரெக் டோலண்ட்!

கேமராவுக்கே திரும்பியவர் 'தி குட் எர்த்' (1937) படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார். 1951இல் 'ஐ லவ் லூசி' டிவி தொடருக்குப் போனதை வீழ்ச்சி என்று சிலர் உச்சுக்கொட்டுகிறார்கள். ரசிகர்கள் முன்னிலையில், மூன்று கேமராக்கள் ஒரே சமயத்தில் ஓட, எந்தக் கோணத்திலும் கெடாத சீரான ஒளியமைப்பை உருவாக்கியவர் அவர். ஸ்டூடியோவில் எடுக்கும் காமெடித் தொடர்கள் பல பத்தாண்டுகள் அந்த வழியில்தான் நடந்தன. நிழலை வைத்தே பெயர் வாங்கியவர், அறுபதைத் தாண்டியபோது நிழலே விழாமல் பார்த்துக்கொள்ளும் வேலையை எடுத்துச் செய்திருக்கிறார். இதுவா வீழ்ச்சி?

சந்தேகம் இருப்பவர்கள் 'தி மம்மி'யின் அந்த முதல் காட்சியை ஒருமுறை பார்த்துவிட்டு வந்து சண்டை போடலாம்.