'சாரி' என்னும் சிறு சொல்

ஆங்கிலத்தில் 'சாரி' என்ற சொல்லுக்குத்தான் எத்தனை வேலை! காதில் சரியாக விழாவிட்டால் 'சாரி?' பிறர் வீட்டுத் துக்கத்திற்கும் 'சாரி'. கேட்டதைத் தர மறுப்பதற்கும் 'சாரி'. பரிதாப நிலையைக் குறிக்கவும் அதுவே அடைமொழி! புண்ணைக் குறிக்கும் 'சோர்' என்ற சொல்லும் இதுவும் ஒரே வேரில் பிறந்தவை. நெஞ்சு நோவதே இதன் பழைய பொருள்.

நாமோ தோழியின் காலை மிதித்துவிட்டு 'சாரி' என்கிறோம். இரவல் வாங்கிய நோட்டைத் தொலைத்துவிட்டும் அதே 'சாரி'! மிதித்ததற்கு அது போதும், தொலைத்ததற்குப் போதாது. "தவறு என்னுடையது, மன்னித்துவிடு" என்று முகம் பார்த்துச் சொல்லி, கண்விழித்துப் பாடங்களை எழுதிக் கொடுக்க வேண்டும். நெஞ்சு நோகாமல் சொல்லும் 'சாரி' வெறும் ஓசையே. இனியேனும் அதனை உணர்ந்து சொல்வோம், தோழியரே!