நோட்டீசு வந்த பிறகும் ஒரு மாதம் உண்டு

ஏற்காடு மலையில் உள்ள மாரமங்கலத்தில் இருந்து ஒரு குடும்பம் பிழைப்புக்காகச் சேலத்துக்கு இறங்கி வருகிறது என்று வைத்துக்கொள்வோம். ஒண்டுக்குடித்தனம். கணவன் கூலி வேலைக்குப் போகிறான். ஒரு நாள் கால் முறிந்து படுத்துவிடுகிறான். இரண்டு மாத வாடகை நின்றுவிடுகிறது. தபால்காரர் வந்து நிற்கிறார். வக்கீல் நோட்டீசு!

"கையெழுத்துப் போட்டு வாங்காதே, வம்பு" என்று பக்கத்து வீட்டார் சொல்கிறார்கள். தபால் திரும்பிப் போகிறது. இதைவிடப் பெரிய தவறு இல்லை. வாங்க மறுத்த தபாலும் வந்து சேர்ந்ததாகவே பொதுவாகக் கோர்ட்டில் கொள்ளப்படும். சட்டம் கொடுக்கும் தவணையோ வீணாகக் கழிந்துவிடும்.

பாக்கியைக் கட்டினால் குடியிருக்கலாம் என்ற சலுகை நம் நாட்டுக்குப் புதிது அல்ல. 1882-ம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டத்திலேயே அது இருக்கிறது. வாடகை தராததால் குத்தகை பறிபோகும் வழக்கில், பாக்கி, வட்டி, செலவுத்தொகை எல்லாவற்றையும் விசாரணையின்போது கொடுத்துவிட்டால், வெளியேற்றும் உத்தரவு போடாமல் கோர்ட்டு காப்பாற்றலாம்.

1960-ம் ஆண்டின் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் இன்னும் ஒரு படி போயிற்று. "வேண்டும் என்றே கொடுக்கவில்லையா, முடியாமல் போனதா?" என்று கேட்டது. வேண்டும் என்றே செய்யவில்லை எனத் தெரிந்தால், பணம் கட்ட 15 நாள் வரை அவகாசம் கொடுத்தது. விளைவு தெரிந்தே, திட்டமிட்டுக் கொடுக்காமல் இருப்பதுதான் வேண்டும் என்றே செய்வது என 1985-ல் சுப்ரீம் கோர்ட்டு விளக்கியது. ஆனால் வீட்டுக்காரர் நோட்டீசு கொடுத்து இரண்டு மாதம் ஆகியும் பணம் வராவிட்டால் அந்த வாதம் எடுபடாது என்றும் சொன்னது.

அந்தச் சட்டம் இப்போது இல்லை. 2017-ம் ஆண்டின் புதிய சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. இது காரணம் கேட்பதைவிட நாளை எண்ணுகிறது. இரண்டு மாத பாக்கிக்கு நோட்டீசு கிடைத்தால், ஒரு மாதத்துக்குள் வட்டியுடன் முழுப் பணத்தையும் வீட்டுக்காரரிடம் கொடுக்கவேண்டும். அல்லது வாடகை கோர்ட்டில் கட்டவேண்டும். கட்டிவிட்டால், அந்தப் பாக்கிக்காக வெளியேற்ற முடியாது.

வீட்டுக்காரர் எல்லோரும் பணக்காரர் அல்ல. ஒரு பகுதியை வாடகைக்கு விட்டு அந்தப் பணத்தில் உலை வைக்கும் விதவைகளும் உண்டு. அவர்களைக் கோர்ட்டுக்கு அலையவிடுவது நியாயம் ஆகாது. ஆகவே காலக்கெடு வேண்டியதுதான். ஆனால் கெடு இருப்பதே தெரியாதவனுக்குக் கெடுவால் என்ன பயன்?

இதற்கு ஒரு வழி உண்டு. வாடகை பாக்கி நோட்டீசு ஒவ்வொன்றிலும், "இத்தனாம் தேதிக்குள் கட்டினால் வீடு நிலைக்கும்; கட்டவேண்டிய வாடகை கோர்ட்டு இன்ன இடத்தில் இருக்கிறது" என்று நல்ல தமிழில் எழுதவேண்டும் என விதி செய்யவேண்டும். அரசாங்கத்துக்கு இதில் செலவு ஒன்றும் இல்லை.

குடியிருப்போருக்கும் கடமை உண்டு. எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும். அது இல்லாததே இப்போது வெளியேற்றக் காரணம் ஆகலாம். வாடகைக்கு ரசீது வேண்டும். நோட்டீசு வந்தால் அன்றே வக்கீலைப் பார்க்கவேண்டும்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லையா? 1987-ம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி, பெண்களுக்கும், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினருக்கும் வருமானம் பாராமல் இலவச சட்ட உதவி உண்டு. சேலம் மாவட்டத்து மலையாளி மக்கள் பழங்குடியினர் பட்டியலில் இருப்பவர்கள். மாரமங்கலத்தில் இருந்து இறங்கி வந்த அந்தக் குடும்பமும் மலையாளிக் குடும்பமானால், கால் முறிந்தவனின் மனைவி இரண்டு வகையிலும் அந்த உதவிக்கு உரியவள்.

அவளுக்கு அதை யாராவது சொல்லவேண்டும். முப்பது நாள் முடிவதற்குள் சொல்லவேண்டும்.